ஆர்கன் சாமியார்

ஆற்றங்கரை மடத்தில் சீடராகச் சேரும்போது தாணுமூர்த்திக்கு அறுபது தாண்டிவிட்டது. குருவான வடிவம்மைக்கு நாற்பதுகூட ஆகவில்லை. கல்லூரியில் வேதியியல் எடுத்து ஓய்வு பெற்றவர் என்பதால் ஊரே அவரை சார் என்றது. குருவும் அப்படியே கூப்பிட்டார். அவர் குருவை அம்மா என்றார்.

அவர் அறையில் சாமி படம் கிடையாது. தனிம வரிசை அட்டவணைதான் தொங்கியது. காலையில் குளித்துவிட்டு அதற்குத்தான் ஊதுபத்தி காட்டுவார்.

மடத்தில் ஒவ்வொருவருக்கும் அதில் ஒரு கட்டம் ஒதுக்கி வைத்திருந்தார். சமையல் பார்க்கும் இசக்கியம்மாள் சோடியம். ஒரு சொட்டுத் தண்ணீர் பட்டாலும் பற்றிக்கொள்வாள், மண்ணெண்ணெயில் முக்கித்தான் வைத்திருக்க வேண்டும். கணக்குப்பிள்ளை ஈயம், போட்ட இடத்தில் கிடப்பார். தன்னையும் அவர் விட்டுவைக்கவில்லை. வாலிபத்தில் ஹைட்ரஜன், யார் பொறி காட்டினாலும் வெடித்தார். கல்யாணத்துக்குப் பிறகு கார்பன். நாலு பக்கமும் யார் கையையாவது பிடித்துக்கொண்டே நிற்க வேண்டியிருந்தது. மனைவி போய்ச் சேர்ந்து, மகளையும் கட்டிக்கொடுத்த பிறகு, இப்போது ஆர்கன். அட்டவணையின் வலது ஓரத்துக் கடைசி வரிசை. எதனோடும் சேராத குடும்பம்.

“நாம மூச்சு இழுக்கையிலே அதுவும் உள்ளே போகுது. விடுகையிலே அப்படியே வெளியே வருது. உள்ளே என்ன சண்டைன்னு கேக்கறதே இல்ல. அதுதான் ஞானம்” என்று கணக்குப்பிள்ளைக்கு ஒருநாள் விளக்கினார். விளக்கிய வேகத்தில், அந்தப் பெயருக்குக் கிரேக்க மொழியில் சோம்பேறி என்று அர்த்தம் என்பதையும் சொல்லிவிட்டார்.

“இதைத் தெரிஞ்சுக்கிட அம்புட்டுத் தூரம் போகணுமாக்கும்” என்றாள் தேங்காய் துருவிக்கொண்டிருந்த இசக்கியம்மாள். அன்றிலிருந்து அவர் மடத்தில் ஆர்கன் சாமியார் ஆனார்.

ஒரு வியாழக்கிழமை காலையில் மகள் செண்பகவல்லியிடமிருந்து போன் வந்தது. அவளும் புருஷன் ஆவுடையப்பனும் பிரிந்து சில மாதங்கள் ஆகியிருந்தன. வக்கீல் வரை போய்விட்டார்கள். கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் ஒரே ஒரு தடவை உட்கார்ந்து பேச இரண்டு பேரும் ஒத்துக்கொண்டிருக்கிறார்களாம். இன்று சாயங்காலமே, மடத்தில் வைத்து; குருவிடம் முன்பே கேட்டுவிட்டாளாம். அப்பா கூட இருக்க வேண்டும் என்றாள். ஆவுடையப்பனும் அதைத்தான் கேட்டார் என்றாள். விஷயம் எப்படியோ கசிந்து, மாப்பிள்ளை வீட்டு அண்ணன்மாரும் மதினிமாரும் ஒரு வேன் பிடித்திருக்கிறார்கள். தாணுமூர்த்தியின் தங்கையும் அதிலேயே தொற்றிக்கொள்கிறாளாம்.

தாணுமூர்த்தி சரி என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. போனை வைத்த பிறகு டம்ளரில் காப்பி ஆடை கட்டிக் கிடந்தது. மகள் பெட்டியோடு கிளம்பிய நாளிலிருந்து அவருக்குச் சரியாகத் தூக்கம் கிடையாது. ஆர்கன் தூங்காது என்று தனக்குத்தானே சொல்லி வைத்திருந்தார்.

எழுந்து குருவிடம் போனார்.

“அம்மா, இன்னையிலேருந்து மௌன விரதம் இருக்கலாம்னு. உத்தரவு வேணும்.”

“சாயங்காலம் மக வாரா போலயே.”

“நான் எதுலயும் ஒட்டாதவன் அம்மா. ஒட்டாதவன் அங்கே உக்காந்து என்ன ஆகப்போகுது?”

அம்மா சமையல்கட்டுப் பக்கம் கையைக் காட்டினார். நாளைய அன்னதானத்துக்கு வேண்டிய எவர்சில்வர் அண்டா விளிம்பிலிருந்து அடிவரை ஒட்டு விட்டுப்போயிருக்கிறது, பற்றவைக்க ஆள் வந்திருக்கிறது என்றார். “அது முடியட்டும் சார். பொறவு சொல்லுதேன்.”

வெல்டிங் போடும் மைதீன் சமையல்கட்டில் சிலிண்டரை உருட்டி நிறுத்தியிருந்தான். அதில் எழுதியிருந்ததைப் படித்ததும் தாணுமூர்த்தி தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். ஆர்கன். சொந்தக்காரரை ரயிலடியில் பார்த்ததுபோல முகம் மலர்ந்துவிட்டது. மைதீன் முகமூடியை இறக்கிவிட்டு நெருப்பைத் தொடங்கும்வரை அவனுக்கே அவனுடைய வாயுவைப் பற்றிப் பாடம் நடந்தது. அவன் சட்டை வியர்வையில் நனைவதைக் கண்டு மனம் கேட்காமல், பின்னாலிருந்த ஃபேனைப் போட்டுவிட்டு, வந்து நின்றுகொண்டார்.

நெருப்பு நின்றது. மைதீன் முகமூடியைத் தூக்கிப் பார்த்தான். விட்டுப்போன இடம் கறுத்து, ஆப்பம்போல் பொத்தல் பொத்தலாக இருந்தது.

“ஃபேனைப் போட்ட புண்ணியவான் யாரு?”

இசக்கியம்மாள் சந்தோஷமாகக் கையைக் காட்டினாள்.

“ஏன் சார் இப்படி ஆச்சு?” என்றார் அம்மா.

கேள்வி என்று வந்தால் அவரால் சும்மா இருக்க முடியாது. “ஃபேன் காத்து ஆர்கனை விலக்கிட்டுது அம்மா. உருகுன இடத்துல வெளிக்காத்து புகுந்து கெடுத்துட்டுது.”

“ஆர்கன்தான் தகட்டை ஒட்ட வைக்குதோ?”

“இல்ல அம்மா. தகடு ரெண்டும் தானா உருகி தானா சேரும்.”

“அது தகட்டுல ஒட்டுமா?”

“ஒட்டாது. அது எதோடயும்…”

“பின்னே அதுக்கு அங்கே என்ன வேலை?”

இத்தனை வருஷப் பிழைப்பில் எந்த மாணவனும் அவரிடம் அதைக் கேட்டதில்லை. தாணுமூர்த்தி போய் ஃபேனை நிறுத்திவிட்டு வந்தார்.

“சுத்தி நிக்கும்” என்றார் கடைசியில். குரல் இறங்கியிருந்தது. “ரெண்டும் சேர்ந்து ஆறுற வரைக்கும்.”

மைதீன் கெட்டதைத் தேய்த்து எடுத்துவிட்டு, கதவைச் சாத்தச் சொல்லி மறுபடி தொடங்கினான். இந்த முறை மீன்செதில் அடுக்கியதுபோல் பளபளவென்று வந்தது. இசக்கியம்மாள் தண்ணீர் ஊற்றிப் பார்த்தாள். ஒரு சொட்டு ஒழுகவில்லை.

வெயில் தாழ்ந்தபோது வாசலில் வேன் வந்து நிற்கும் சத்தம் கேட்டது. இறங்குவதற்கு முன்பே நாலைந்து பேர் ஒரே சமயத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்கு முன்னதாகவே தனித்தனி ஆட்டோவில் வந்திருந்த செண்பகவல்லியும் ஆவுடையப்பனும் கூடத்தில் ஆளுக்கொரு தூணைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்கள்.

தாணுமூர்த்தி அம்மாவிடம் வந்து மேல்துண்டைச் சரிசெய்தார்.

“அம்மா, அந்த மௌன விரதம்…”

“தாராளமா இருங்க சார்” என்றார் அம்மா. “அவங்க ரெண்டு பேர் பக்கத்துல போய் இருங்க. வேன்ல வந்தவங்க உள்ளே வராம.”