ஓநாயை அளந்த நெடுங்காரி

கேட்கிறவர்கள் பக்கத்தில் வாருங்கள். கேட்காதவர்கள் எங்கே வேண்டுமானாலும் உட்காருங்கள், குறட்டை மட்டும் விடாதீர்கள்.

மழை வழி மறந்துபோன செங்கரை நாட்டை முன்னொரு காலத்தில் ஓர் அரசன் ஆண்டான். அவனுக்கு எதையும் வகை பிரித்தாக வேண்டும். நெல்லை வகை பிரித்தான், நோயை வகை பிரித்தான், கடைசியில் விலங்குகளையும் வகை பிரிக்கத் தொடங்கினான். ஊன் தின்னும் விலங்கு இரண்டு முழ உயரத்துக்குள் இருந்தால் சிறுவகை, அதைச் சும்மா விடலாம். இரண்டு முழம் தாண்டினால் பெருவகை, அது ஒளிந்திருக்கும் காட்டையே கொளுத்திவிட வேண்டும். இதுதான் அவன் கட்டளை.

அளக்கும் வேலை நெடுங்காரிக்கு வந்தது. அவன் அரண்மனை யானைகளை அளப்பவன். தந்தத்தில் பூண் போட்ட அளவுகோல் ஒன்று வைத்திருந்தான். அவன் எழுதிய அளவை யாரும் மாற்ற முடியாது. அவனே மாற்ற நினைத்தால், சபை நடுவில் கோலை முறித்துப் போட்டுவிட்டு வேலையை விட்டுப் போக வேண்டும். அந்த நாட்டு வழக்கம் அப்படி.

புலியை எழுதினான், நரியை எழுதினான். ஓநாயிடம் வந்ததும் கை நின்றுவிட்டது. அவன் ஓநாயைப் பார்த்ததே இல்லை. அரசனோ நாளைக்கே ஓலை வேண்டும் என்றான். நெடுங்காரிக்குக் கால் ஓரிடத்தில் நிற்கவில்லை. வாசலுக்கும் கொல்லைக்குமாக நடந்தான். பிறகு மூன்று பேரைக் கூப்பிட்டுக் கேட்டான்.

வடக்கே பனிமலை வரை போய்வந்த வணிகன், "கன்னுக்குட்டி உசரம் இருக்கும். மயிரே ஒரு சாண்," என்றான். ஒரு முறை ஓநாய்க்குப் பயந்து மரமேறிய காவலன், "கழுதை உசரம்," என்றான். கோட்டையை விட்டு வெளியே போகாத சமையல்காரன், "குதிரை உசரமுங்க. கண்ணு ரெண்டும் தணலு மாதிரி எரியும்," என்றான். பார்க்காதவனுக்குத்தான் எல்லாம் நன்றாகத் தெரிந்திருந்தது! அந்த நாட்டில் அழுகிற பிள்ளையை அடக்க ஓநாய் பெயரைத்தான் சொல்வார்கள். நெடுங்காரியும் சோற்றோடு அந்தப் பயத்தையும் தின்று வளர்ந்தவன்.

அன்று மாலை தோல் பதனிடுகிறவன் ஓர் ஓநாய்த் தோலைக் கொண்டுவந்து விரித்தான். நெடுங்காரி முதுகிலிருந்து கால் நுனி வரை கோலை வைத்தான். இரண்டு முழம், நான்கு விரல். பெருவகை என்று எழுதிக் கொடுத்துவிட்டான். ஐந்தாம் நாள், ஓநாய் ஒளிந்திருக்கும் வேலங்காட்டுக்குத் தீ வைப்பது என்று முரசு அறைந்தார்கள்.

எழுதியும் அவனுக்கு நிம்மதி இல்லை. யானையை நிற்க வைத்து அளந்து பழகிய கை அது.

இரண்டாம் நாள் காலையில் சடைச்சி என்ற ஆட்டுக்காரி வாசலில் வந்து நின்றாள். அவளுடைய முந்நூறு ஆட்டுக்கும் அந்த வேலங்காடுதான் மேய்ச்சல்.

"காட்டைக் கொளுத்தப் போறாங்களாமே, மெய்தானுங்களா சாமி?"

"உன் ஆட்டைத் தின்கிற ஓநாயைத்தானே அம்மா துரத்தப் போகிறோம்?"

"திங்குது, இல்லைங்கல. வருசத்துக்கு ரெண்டு, மூணு குட்டி போகுது. காடு போனா முந்நூறும் போகுமே! அந்த ஓநாய நீங்க எங்க பாத்து அளந்தீங்க?"

"தோலை வைத்து அளந்தேன்."

சடைச்சி மடியிலிருந்து விற்கக் கொண்டுவந்த இரண்டு ஆட்டுக்குட்டித் தோல்களை எடுத்துத் தரையில் போட்டாள். "ரெண்டும் ஒரே வயித்துல ஒரே நாள் பொறந்ததுங்க. ரெண்டையும் ஒரே நாள்ல அந்த ஓநாய்தான் கடிச்சுப் போட்டுது. இப்ப அளங்க."

அளந்தான். ஒன்றைவிட மற்றொன்று ஒரு சாண் பெரிது.

"பெருசா இருக்கறது ஈரத்துல இழுத்து, முளை அடிச்சுக் காயவெச்சது. தோல இழுத்தா வளரும் சாமி. உசுரோட இருக்கறது வளருமா?"

நெடுங்காரி கோலை எடுத்துக்கொண்டான். அப்படியே அவளோடு காட்டுக்கு நடந்தான். மூன்றாம் நாள் விடியலில் ஓநாய் வந்தது. ஒரு பாறையோரம் நின்று இவர்களைப் பார்த்தது. ஒட்டிய வயிறு, நீண்ட மெல்லிய கால், வெயிலுக்கு ஏற்ற குட்டை மயிர். அவ்வளவுதானா என்றிருந்தது அவனுக்கு. அது போனதும் பாறையில் அதன் தோள் எட்டிய இடத்தில் கோலை வைத்தான். ஒன்றரை முழம். வணிகன் சொன்னது பொய்யில்லை. ஆனால் அது பனிமலை ஓநாய். இது அதற்குப் பங்காளி, வெயிலில் வாழும் வேறு வகை.

இனி சொல்ல வேண்டியதுதான். சொன்னால் கோல் போகும், வேலை போகும், ஊரில் இருக்கிற மரியாதையும் போகும். முதல் முறை கோட்டை வாசல் வரை போய்த் திரும்பினான். இரண்டாம் முறை சபைப் படி வரை போய்த் திரும்பினான். வழியில் வீரர்கள் பந்தத்துக்குத் துணி சுற்றிக்கொண்டிருந்தார்கள். ஐந்தாம் நாள் காலை, மூன்றாம் முறை, உள்ளேயே போய்விட்டான்.

"மன்னா, நான் எழுதியது தவறு. நம் ஓநாய் ஒன்றரை முழம். சிறுவகை."

"வழக்கம் தெரியுமல்லவா?"

"தெரியும்."

"நீ வாயைத் திறக்காமல் இருந்திருந்தால் யாருக்குத் தெரியப்போகிறது?"

"எனக்குத் தெரியுமே, மன்னா. மூன்று நாளாக ஒரு வாய்ச் சோறு இறங்கவில்லை."

சொல்லிவிட்டுக் கோலை முழங்காலில் வைத்து முறித்தான். அந்தச் சத்தத்துக்குச் சபையே தலை குனிந்தது.

அரசன் அவனுக்குப் பொன்னால் வேறு கோல் கொடுத்திருப்பான் என்றுதானே நினைக்கிறீர்கள்? கொடுக்கவில்லை. வழக்கம் வழக்கம்தான் என்றுவிட்டான். ஆனால் பந்தங்களை அணைக்கச் சொன்னான். தவறான ஓலையைக் கிழித்து, பனிமலை ஓநாய்க்கு ஓர் ஓலையும் வேலங்காட்டு ஓநாய்க்கு ஓர் ஓலையுமாகத் தனித்தனியே எழுத வைத்தான்.

நெடுங்காரி பிறகு யானைகளுக்குத் தழை வெட்டிப் பிழைத்தான். கோலை முறித்த அன்று வீட்டுக்குப் போனதும் மூன்று நாள் சோற்றை ஒரே வேளையில் தின்றான் என்று அவன் மனைவி ஊரெல்லாம் சொல்லிச் சிரித்தாளாம். அடுத்த ஆண்டும் ஓநாய் சடைச்சியின் குட்டி இரண்டைத் தூக்கிக்கொண்டு போனது. அவள் அதை வாய் வலிக்கத் திட்டினாள், மீதி ஆடுகளை அதே காட்டில் மேய்த்தாள்.

ஆகவே, எதையும் அச்சத்தையும் கேள்விப்பட்டதையும் கொண்டு அளக்கக் கூடாது, அளந்தது தவறு என்று தெரிந்தால் எதை இழந்தாலும் அதை நாமே சொல்லித் திருத்த வேண்டும்.