நண்டின் சாட்சியும் நீர்நாயின் மீன்குளமும்

வேங்கைமேடு வை. சம்பந்தமூர்த்தி ஆகிய நான், எழுபத்து நான்கு வயது நிறைவுற்ற நிலையில், சிறுவரும் பெரியோரும் ஒருங்கே அறியும்பொருட்டு, உப்பாற்றங்கரை விலங்குகளின் வழக்கொன்றை இங்கு எழுதலானேன்.

அக்கரையில் ஒரு நீர்நாய்க்கு நெல்வயல் இருந்தது. வரப்புக்கு மறுபுறம் தூக்கணாங்குருவியின் வயல். குருவியின் குஞ்சுகளுக்கு இன்னும் இறகு முளைக்கவில்லை. அவற்றின் உணவெல்லாம் அவ்வயலின் கதிர்களே. கதிர்களோ அப்போதுதான் பால் பிடித்திருந்தன!

ஒரு நாள் காலையில் மண் பறந்தது. நீர்நாய் நான்கு கால்களாலும் தன் வயலைத் தோண்டிக்கொண்டிருந்தது!

"அண்ணே! இதென்ன கூத்து?" என்று பதறியது குருவி.

"மீன்குளம், தங்கச்சி! உச்சிப்பொழுதில் கடல் ஓதம் ஏறி ஆறு பொங்கும். வாய்க்கால் வெட்டி, ஆற்றின் உப்புநீரை உள்ளே விட்டுக் கொடுவா மீன் வளர்க்கப் போகிறேன்!"

"உப்பு என் வயலில் இறங்கினால் பயிர் கருகிவிடுமே! என் பிள்ளைகள் எதைத் தின்னும்?"

"என் நிலம், என் குழி! நீ போய்க் கூட்டில் ஊஞ்சலாடு!"

குருவி சபைக்குப் பறந்தது. சபைத் தலைவராகிய எருமையார் கழுத்தளவு சேற்றில் அமர்ந்தே வழக்குக் கேட்பார். அவசரமாக எழுந்தவர் அவசரமாகத் தீர்ப்பளிப்பார் என்பது அவருடைய கொள்கை.

நீர்நாய் அழைத்து வரப்பட்டது. எருமையார் முழங்கினார்: "விளைநிலத்தைக் குளமாக்க விரும்புவோர் முதலில் சபையின் அனுமதி பெறவேண்டும். பக்கத்து வயலுக்கு நீர் கசியாது என்று அந்த வரப்பிலேயே குடியிருப்பவர் ஒருவர் சாட்சி சொல்லவேண்டும். இது நம் சட்டம். நீ கேட்டாயா?"

"கேட்க மறந்தேன், ஐயா! ஆனால் சாட்சி தயார்!" என்று நீர்நாய் பல்லைக் காட்டியது.

பக்கவாட்டில் நடந்து வந்தது ஒரு நண்டு. நாள்தோறும் ஒரு மீன்தலை தருவதாக நீர்நாய் அதற்கு ஆசை காட்டியிருந்தது.

"பிறந்தது முதல் அந்த வரப்பில்தான் இருக்கிறேன், ஐயா! கல் போன்ற வரப்பு! ஊசி நுழையவும் இடமில்லை! ஒரு சொட்டு கசியாது!" என்றது நண்டு.

"ஓதம் ஏறுகிறது, ஐயா! சீக்கிரம் சொல்லுங்கள்!" என்று துள்ளியது நீர்நாய்.

எருமையார் பெருமூச்சு விட்டார். "சாட்சி சரியாக இருந்தால் அனுமதி தரத்தான் வேண்டும்..."

குருவியோ கூடு கட்டும் சாதி. வீடு என்றால் வாசல் இருக்குமே என்று அதற்குத் தோன்றியது!

"நண்டண்ணே! இத்தனை நாள் பக்கத்தில் இருந்தும் உங்கள் வீட்டை நான் பார்த்ததில்லையே. சின்ன வீடுதானோ?"

நண்டுக்கு ரோஷம் பொங்கியது. "சின்ன வீடா! என் பாட்டன் குடைந்த மாளிகை! உன் கூட்டைப்போல் ஒற்றை வாசல் என்று நினைத்தாயா? எனக்கு இரண்டு வாசல்! காலையில் நீர்நாய் வயல் பக்கம் வெயில் காய்வேன். மாலையில் உன் வயல் பக்கம் காற்று வாங்குவேன். உள்ளேயே நடந்து போகலாம்!"

சபையில் இருந்த தவளைகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தன!

"ஊசி நுழையாத வரப்பில் நீ எப்படியப்பா நுழைந்தாய்?" என்று எருமையார் சேற்றைச் சிதறடித்துக்கொண்டு எழுந்தார். அவர் எழுந்ததை அன்றுதான் எல்லோரும் கண்டனர்! "நண்டு போகும் வழியில் நீர் போகாதா? அனுமதி இல்லை! நீர்நாயே, ஓடு! ஓதம் ஏறுமுன் வாய்க்காலை அடைத்து, தோண்டியதை மூடு! மீன்தான் வேண்டுமென்றால், புல்லும் முளைக்காத களர்நிலம் ஆற்றோரம் கிடக்கிறது. அதற்கு முறையாக அனுமதி கேள், தருகிறோம்!"

"மீன்தலை?" என்று முனகியது நண்டு.

"உன் தலை தப்பியதே பெரிது!" என்று உறுமிவிட்டு ஓடியது நீர்நாய்.

குருவியும் தவளைகளும் கூடவே மண் தள்ளின. கடைசிப் பிடி மண் விழுந்தபோது ஓதம் கரையைத் தொட்டுத் திரும்பியது! குருவி ஒரு பால்கதிரைக் கொய்துகொண்டு கூட்டுக்குப் பறந்தது.

தன் நிலத்தில் தேடும் இலாபம் அண்டை நிலத்தின் விளைச்சலை அழிக்கலாகாது என்னும் நீதி, உப்பாற்றங்கரையில், மார்கழித் திங்கள் பதினெட்டாம் நாள், புதன்கிழமை, உச்சிப்பொழுதில் நிலைநாட்டப்பட்டது.