பாழுங்கிணற்றுத் தண்ணீர்

"எல்லாம் சட்டப்படிதான் செய்திருக்கிறேன் அம்மா. ஆட்சேபணை என்று ஒருவரும் வரவில்லை. இன்னும் ஏன் கையெழுத்துப் போட மாட்டேன் என்கிறீர்கள்?"

கேட்டவர் சங்கரலிங்கம். மூடிப்போன ஒரு நூல் மில்லின் சொத்துகளை விற்று, கடன் கொடுத்தவர்களுக்கும் வேலை பார்த்தவர்களுக்கும் பங்கிட்டுக் கொடுக்க நீதிமன்றம் நியமித்த லிக்விடேட்டர். ஏலம் விடுவது அவர் வேலை. நீதிபதி சரி என்றால்தான் அது விற்பனை.

நீதிபதி பரிமளா அவரைவிட வயதில் இளையவர். ஆனாலும் வெளியில் யார் கேட்டாலும் அவரைத் தன் குரு என்றுதான் சங்கரலிங்கம் சொல்லுவார். அன்றைக்கு அப்படிச் சொல்லும் மனநிலையில் அவர் இல்லை.

நீதிபதி சொத்து விவரத்தைப் புரட்டினார்.

"பாழுங்கிணறு ஒன்று என்று எழுதியிருக்கிறீர்கள்."

"ஆமாம் அம்மா. கரண்ட்டை வெட்டியாயிற்று. மோட்டாரும் போய்விட்டது. வாங்குகிறவர் அதை மூடிவிட்டு அங்கே குடோன் கட்டப்போகிறார்."

"அதிலிருந்து எனக்கு ஒரு செம்பு தண்ணீர் கொண்டு வாருங்கள்."

"பாழுங்கிணற்றிலிருந்தா?"

நீதிபதி அடுத்த வழக்குக் கட்டை எடுத்துக்கொண்டார்.

மில் கேட்டில் சங்கரலிங்கம் ஒட்டிய ஏல நோட்டீஸ் அப்படியே இருந்தது. எதை ஒட்டினாலும் மறுநாளே கிழித்துவிடுகிற ஊர் அது. அந்த வழியாக ஆள் நடமாட்டமே இல்லாததால் நோட்டீஸ் பிழைத்துக் கிடந்தது. லிக்விடேட்டர்கள் முன்வாசல் வழியாகத்தான் வருவார்கள், போவார்கள். சீல் வைத்தது அங்கேதானே!

கிணறு பின்பக்கம் இருந்தது. அவர் அங்கே போவது அதுதான் முதல் தடவை.

பின்சுவர் இடிந்து கிடந்தது. அதற்கு அந்தப் பக்கம் தொழிலாளர் லைன் வீடுகள். சுவரின் இடிசலிலிருந்து கிணறு வரைக்கும் குடங்கள் வரிசையாக இருந்தன. ராட்டினத்தில் புதுக்கயிறு.

தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தவள் கயிற்றைப் பிடித்தபடியே கேட்டாள்.

"யாரு சார், பேங்க்குலருந்தா?"

"கோர்ட்டுலருந்து."

வரிசையில் நின்ற பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். இறைத்துக்கொண்டிருந்தவளே மறுபடியும் கேட்டாள்.

"மில்ல வித்தாச்சா?"

"விக்கப் போறோம்."

"சீக்கிரம் வித்துருங்க சார். எங்க வீட்டுக்காரரு இந்த மில்லுலதான் நெஞ்சு பூரா பஞ்சத் தின்னாரு. இப்போ படுத்தா மூச்சு விட முடியல, உக்காந்தேதான் தூங்குதாரு. அவரு கணக்குப் பணம் வந்துச்சுன்னா மதுரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போயிருவேன்."

அவள் பெயர் காளீஸ்வரி என்று பக்கத்திலிருந்தவள் சொன்னாள்.

"உங்க தெருவுல குழாய் இல்லையா?"

"இருக்கு சார். காத்து நல்லா வரும்."

எல்லோரும் சிரித்தார்கள். சங்கரலிங்கத்துக்குச் சிரிப்பு வரவில்லை. கிணறும் சேர்த்துத்தான் போகிறது என்று சொல்ல வாயெடுத்தார். முடியவில்லை.

"ஒரு செம்பு தண்ணி வேணும்மா" என்றார். "எங்க ஜட்ஜ் அம்மாவுக்கு."

செம்பு கொண்டுவர அவருக்குத் தோன்றியிருக்கவில்லை. காளீஸ்வரி வீட்டுக்கு ஓடிப்போய் ஒன்றைத் தேய்த்து எடுத்து வந்தாள். துணியில் வடிகட்டி நிரப்பினாள். தட்டு வைத்து மூடினாள்.

"குடிச்சு முடிச்சதும் செம்பக் குடுத்து விட்டுருங்க சார். எங்கம்மா போட்ட சீரு."

மறுநாள் நீதிபதி அந்தத் தண்ணீரை அண்ணாந்து குடித்தார். முழுவதையும் குடித்தார்.

"பாழுங்கிணறு" என்றார்.

சங்கரலிங்கம் தலையைக் குனிந்துகொண்டார். வெட்கமாக இருந்தது.

"ஆட்சேபணை உண்டா?"

"இல்லை அம்மா. சீக்கிரம் விற்கத்தான் சொன்னார்கள்."

"கிணறும் போகிறது என்று சொன்னீர்களா?"

"இல்லை."

"கிணற்றை விட்டுவிட்டு விற்க முடியுமா?"

"வாங்குகிறவர் ஓடிவிடுவார் அம்மா. இதற்கு முன்னால் விட்ட ஏலத்துக்கு ஒரு ஆள்கூட எட்டிப் பார்க்கவில்லை. இவரும் போய்விட்டால் இனி எப்போது விற்கும் என்று சொல்ல முடியாது. அந்தப் பெண்ணின் வீட்டுக்காரர் அதுவரைக்கும்..."



நீதிபதி பேனாவைத் திறந்து உத்தரவுத் தாளின் மேல் வைத்தார்.

"ஆட்சேபணை இல்லை என்று இன்னொரு முறை சொல்லுங்கள். கையெழுத்துப் போட்டுவிடுகிறேன்."

சங்கரலிங்கம் செம்பைப் பார்த்தார். மூடி வந்த தட்டில் இன்னும் ஈரம் இருந்தது.

"இருக்கிறது" என்றார்.

"யாருடையது?"

"என்னுடையது."

நீதிபதி எழுதினார். விற்பனை நின்றது.

சங்கரலிங்கத்துக்கு நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கிய மாதிரி இருந்தது. கோப்பைக் கட்டிக்கொண்டு எழுந்தார்.

"இந்த உத்தரவை மில் கேட்டில் ஒட்டச் சொல்லிவிடுகிறேன் அம்மா."

நீதிபதி காலிச் செம்பை அவர் பக்கம் நகர்த்தினார்.

"இது யாருடையது?"