ஜாஹேர் ஆயோ கேட்ட இலை

"சிங்ராய் அண்ணே, உங்க சாமி இந்த வருசம் சந்தா கட்டிருச்சா?"

சந்தைக்குள் கால் வைத்ததுமே பானைக் கடை லோபின் கேலியைத் தொடங்கிவிட்டார். ஆமாம், அதே சிங்ராய் ஹேம்ப்ரம்தான். ஒடிசாவின் மயூர்பஞ்சுக் காட்டோரச் சந்தைகளில், சந்தால் பழங்குடியினரின் மொழியான சந்தாலியில் வந்த பத்திரிகையைத் தோளில் சுமந்து விற்ற அடியார்.

இதழ் அச்சாகி வந்ததும் முதல் பிரதியோடு அவர் ஊர்ச் சோலைக்குப் போவார். சால மரத்தடியில் குடியிருக்கும் அன்னை ஜாஹேர் ஆயோவின் முன் அதை வைத்து வணங்கிய பிறகே மற்றவற்றை விற்பார். வசந்தத்தின் முதல் பூவை அன்னைக்குப் படைக்காமல் அவ்வூரில் எவரும் சூடுவதில்லை. இலைக்கும் ஏட்டுக்கும் அவர்கள் மொழியில் ஒரே சொல், சகாம். பூவுக்கு உள்ள முறை இலைக்கு இல்லையா என்பார் சிங்ராய். மனைவி காய்ச்சலில் இறந்த மாதத்தில்கூட அந்த முறையை அவர் விடவில்லை.

"உனக்கு ஒண்ணு தரட்டுமா, லோபின்?"

"எனக்கு ஒடியா எழுத்துதான் வரும். இந்தச் சந்தாலி எழுத்து கோழி கிளறின மாதிரி இருக்கு. உங்க சாமியே படிக்கட்டும்."

லோபினும் சந்தால்தான். அதுதான் சிங்ராயை உறுத்தியது. பத்திரிகை நடத்திய தாஸ்மத் டுடுவும் சோர்ந்திருந்தார். "பூத்திருவிழா இதழோட நிறுத்திடறேன் அண்ணே. நம்ம பாஷையை நம்ம ஆளுங்களே வாங்க மாட்டேங்கறாங்க," என்றார்.

அந்தக் கடைசி இதழ் வந்த சமயத்தில் ஊர்த் தலைவர் தடை போட்டார். "மை பட்ட காகிதம் இனிமே சோலைக்குள்ள வரக்கூடாது. தீட்டு."

சிங்ராய் ஊர்ச் சொல்லை மீறவில்லை. அன்னைக்குப் படைக்காததை விற்கவும் இல்லை. கட்டு பிரிக்கப்படாமல் வீட்டிலேயே கிடந்தது. தாஸ்மத் வந்து பார்த்துக் கொதித்துப்போனார். "நான் நிறுத்தறேன்னுதான் சொன்னேன். நீங்க கழுத்தையே நெரிக்கறீங்களே."

அன்றிரவு சிங்ராய் கட்டிலிருந்து முதல் பிரதியை மட்டும் உருவி எடுத்தார்.

திருவிழா நாளில் முதல் பிரதியைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு சோலைக்கு வெளியே நின்றார். உள்ளே முழவு அதிர்ந்தது. வழக்கம்போலத் தெய்வங்கள் ஆட்கள்மேல் இறங்கின. அந்த ஆண்டு அன்னை இறங்கியது யார்மேல்? பானைக் கடை லோபின்மேல்.

தனக்கே உரிய கூடையும் துடைப்பமுமாக, லோபினின் உடலில் ஆடி வந்த அன்னையின் கால்களைப் பூசாரி கழுவினார். "என்ன வேணும் தாயே?"

"என் சகாம் எங்கே?"

பூசாரி சால இலையை நீட்டினார். அன்னை தட்டிவிட்டாள். பூவோடு ஒரு கொத்தை நீட்டினார். அதையும் தட்டிவிட்டாள்.

"பேசற இலை. அதை வெளியிலே நிக்க வெச்சிருக்கீங்க."

சொல்லிவிட்டு, பீடத்திலிருந்து துடைப்பத்தால் பெருக்கிக்கொண்டே சோலையின் எல்லைவரை வந்து சிங்ராயின் முன் நின்றாள். தலைவர் தலைகுனிந்தார். சிங்ராய் சட்டைக்குள்ளிருந்து இதழை எடுத்துக் கொடுத்தார். அன்னை அதை நெஞ்சோடு அணைத்தாள். பிறகு அவரிடமே திருப்பித் தந்தாள்.

"படி."

சிங்ராய் படித்தார். பள்ளிக்கூடச் செய்தி, திருவிழாப் பாட்டு, காணாமல் போன எருமை பற்றிய அறிவிப்பு.

"ஐயோ, அது நம்ம எருமை," என்றாள் கூட்டத்தில் ஒருத்தி. சிலர் சிரித்தார்கள். தங்கள் ஊரின் பெயர் தங்கள் மொழியிலேயே வாசிக்கப்பட்டதைக் கேட்ட சிலர் அப்படியே உட்கார்ந்துவிட்டார்கள்.

அன்னை மலையேறியதும் லோபின் விழித்துத் தன் உள்ளங்கைகளைப் பார்த்தார். "இது என்ன மை?" சிங்ராயைக் கண்டதும் அவருக்குப் பழைய சிரிப்பு வந்தது, ஆனால் கேலி வரவில்லை.

மறுநாள் கட்டு பிரிந்தது. தாஸ்மத் அடுத்த இதழுக்கு அச்செழுத்துக் கோக்க உட்கார்ந்தார். அது எவ்வளவு காலம் ஓடும் என்று அவருக்கும் தெரியாது.

வெளியே நிறுத்தப்பட்டும் முறை தவறாத சிங்ராயின் அன்பு வாழ்க. எனக்கு மட்டும் ஒரு கேள்வி தீரவே இல்லை. அன்னை அன்று தேடி வந்தது இதழையா, அதைச் சுமந்து நின்றவரையா? நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?