ராஜாவின் அண்டாவும் பாதாளத்துக் கிழங்கும்

மேகத்தின் மேல் வீடு கட்டி மனிதர்கள் குடியிருந்த ஒரு காலத்தில், முகிலூரைக் கொண்டல்வேந்தன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். நல்லவர்தான். ஆனால் காலையில் ஒன்று சொல்வார், மாலையில் அதையே மறுப்பார். நடுவில் யாராவது நினைவூட்டினால் அவர்கள் பாடு திண்டாட்டம். அவருக்கு மந்திரி மாசாத்தி. எதைக் கண்டாலும் எடுத்து, முகர்ந்து, திருப்பித் திருப்பிப் பார்த்தால்தான் அவளுக்குத் தூக்கம் வரும். தளபதி விறல்மாறனுக்கு இது பிடிக்கவே பிடிக்காது. மோப்பம் பிடிக்கிற ஒருத்தி சபையில் தனக்கு மேல் ஆசனத்தில் உட்காருவதா என்று உள்ளூரப் புகைந்துகொண்டிருந்தான்.

ஒரு நாள் ராஜா குளிக்கும் பெரிய பித்தளை அண்டா மேகத்தைப் பொத்துக்கொண்டு விழுந்தது. விழுந்த வேகத்தில் பூமியையும் துளைத்துப் பாதாளத்துக்கே போய்விட்டது. மண்ணுக்கடியில் ஒரு ஜனம் வாழ்வதாக முகிலூரில் பேச்சு உண்டு, பார்த்தவர்தான் இல்லை. மூன்றாம் நாள் அந்த ஓட்டை வழியே ஒரு வெந்நீர் ஊற்று பீறிட்டு வந்து, நூறு உருண்டைகளை அரண்மனைக் கூரையில் கொட்டியது. ஓடெல்லாம் நொறுங்கியது.

“நம்மைத் தாக்கிவிட்டார்கள்” என்றான் தளபதி. ராஜாவும் ஆமாம் என்றார். உடனே நூறு ஈட்டிகளை ஓட்டைக்குள் எறிந்தார்கள். அடுத்த மூன்றாம் நாள் இருநூறு உருண்டைகள் வந்தன, ஒவ்வொன்றின் நடுவிலும் ஒரு துளையோடு. விஷம் அடைக்கத்தான் துளை என்று தளபதி சொன்னதும் ஊரே நடுங்கியது. யாரும் அவற்றைத் தொடவில்லை. ஏழு மழை ஏரிகளின் மதகுகளையும் ஒன்றாகத் திறந்து பாதாளத்தையே மூழ்கடிப்பது என்று ராஜா முடிவெடுத்தார்.

மாசாத்திக்கு மட்டும் இதில் உடன்பாடில்லை. முகம் தெரியாத ஒரு ஜனம் குஞ்சு குளுவான்களோடு அழியப்போகிறது. எதற்கென்று யாருக்கும் சரியாகத் தெரியவில்லை. அவள் கூரையிலிருந்து முதலில் வந்ததில் ஒன்றும் பிறகு வந்ததில் ஒன்றும் எடுத்துவந்தாள். முகர்ந்தாள். தோலை உரித்தாள். சபை நடுவில் நின்று இரண்டையும் ஒவ்வொரு வாய் கடித்தாள்.

“மந்திரியாரே, துப்பிவிடுங்கள்” என்று ராஜா எழுந்தே விட்டார்.

“உப்பு கொஞ்சம் தூக்கல், அரசே. மற்றபடி கிழங்கு நன்றாக இருக்கிறது. முதலில் வந்தது அவித்தது, பிறகு வந்தது சுட்டது.”

சபை அவள் விழுவாள் என்று காத்திருந்தது. அவள் விழவில்லை. அடிக்க வேறொன்றும் கிடைக்காமல்தான் கிழங்கால் அடிக்கிறார்கள் என்று தளபதி சமாளித்தான்.

“மண்ணுக்கடியில் கல்லுக்கா பஞ்சம், தளபதியாரே?”

கேட்டுக்கொண்டே மாசாத்தி ஒரு காவலாளியின் ஈட்டியை வாங்கி, கூரையிலிருந்து இன்னும் சில துளைபோட்ட கிழங்குகளை வரவழைத்து அதில் கோத்தாள். அளவெடுத்ததுபோல் ஒன்றன்பின் ஒன்றாக இறங்கின. நாம் எறிந்த ஈட்டியில் குத்தித்தான் நெருப்பில் வாட்டியிருக்கிறார்கள் என்றாள். ராஜாவின் கோபம் போன இடத்தில் ஆவல் வந்து உட்கார்ந்தது. அப்படியானால் எதற்காக மேலே எறிகிறார்கள் என்று கேட்டார்.

“எனக்கும் அதுதான் தெரியவேண்டும். நான் கேட்கும் ஒரு பொருளை மட்டும் கீழே போட அனுமதியுங்கள். மூன்று நாள் பொறுங்கள்.”

“பதிலுக்கு அடி விழுந்தால், தண்ணீருக்கு முன்னால் நீங்கள் அந்த ஓட்டையில் இறங்குவீர்கள்” என்றார் ராஜா. மாசாத்தி சரி என்றாள்.

அவள் கேட்டது தளபதியின் இடது காற்செருப்பு. வார் நைந்த பழைய செருப்பு அது. அவன் முறைத்தான், ராஜாவுக்கோ சிரிப்பு தாங்கவில்லை, கழற்றிக்கொடு என்றுவிட்டார். பகைவன் கையில் ஒற்றைச் செருப்பு கிடைத்தால் என்ன செய்வான், பார்ப்போம் என்று சொல்லி அவளே அதை ஓட்டைக்குள் போட்டாள். அடுத்த மூன்று நாளும் தளபதி ஈர மேகத்தில் ஒற்றைச் செருப்போடு நொண்டினான். மதகுக்காரர்கள் பிடித்த கையை எடுக்காமல் காத்திருந்தார்கள்.

மூன்றாம் நாள் உச்சிவேளையில் ஊற்று சீறியது. எல்லோரும் குனிந்தார்கள். சின்னதாக ஒரு துணிமூட்டை மாசாத்தியின் காலடியில் விழுந்தது. தளபதி வாளை உருவிக்கொண்டு நிற்க, அவள் முடிச்சை அவிழ்த்தாள். உள்ளே தளபதியின் இடது செருப்பு இருந்தது, நைந்த வார் அழுத்தமாகத் தைக்கப்பட்டிருந்தது. பக்கத்தில் அதே அளவில், அதே மாதிரியில், புத்தம்புதிதாக ஒரு வலது செருப்பு. இரண்டுக்குள்ளும் ஒவ்வொரு சூடான கிழங்கு.

போட்டுப் பார் என்றார் ராஜா. தளபதி போட்டான். கச்சிதமாகப் பொருந்தியது. அவன் அதன் பிறகு தலையை நிமிர்த்தவில்லை.

“அரசே, மேலேயிருந்து விழுந்ததையெல்லாம் நாம் அனுப்பிய சீர் என்று நினைத்திருக்கிறார்கள்” என்றாள் மாசாத்தி. “சீர் வந்தால் பதில் சீர் செய்யாமல் இருப்பார்களா? ஏற வழியில்லை, ஊற்றில் வைத்து அனுப்பினார்கள். ஒற்றைச் செருப்பு மட்டும் யாரோ தவறவிட்டது என்று புரிந்துகொண்டு, ஜோடி சேர்த்துத் தந்திருக்கிறார்கள். இவர்களையா மூழ்கடிப்பது?”

ராஜா மதகுகளைத் திறக்காமல் கட்டிவைக்கச் சொன்னார். அந்தச் செருப்புகளையே போட்டுக்கொண்டு கயிற்றில் இறங்கி, ஈட்டி எறிந்ததற்கு மன்னிப்புக் கேட்டுவரும் முதல் தூதனாகத் தளபதியை அனுப்பினார். அரண்மனையில் எதையும் யாரையும் கேட்காமல் முகர்ந்து பார்க்கும் உரிமையை மாசாத்திக்கு வழங்கினார்.

கூரையில் கிடந்த கிழங்குகளைப் பொறுக்கி, ஊருக்கே சூடுபடுத்திப் பரிமாறினார்கள். ராஜாவுக்கு அவித்த கிழங்குதான் பிடித்தது. வாய் நிறைய மென்றுகொண்டே ஒரு சந்தேகம் கேட்டார்.

“செருப்பைத் திருப்பித் தந்தவர்கள் என் குளிக்கும் அண்டாவை மட்டும் ஏன் தரவில்லை?”

மாசாத்தி அவர் இலையைப் பார்த்தாள். நாலாவது கிழங்கு ஓடிக்கொண்டிருந்தது.

“அரசே, முதல் நூறு கிழங்கையும் அவர்கள் எதில் அவித்தார்கள் என்று நினைக்கிறீர்கள்?”