செகாவா கட்டிய முடிச்சு

ஜப்பானில் ஒரு துறைமுக ஊர். அங்கே செகாவா என்றொரு போலீஸ்காரர். தெய்ஷின் என்ற பெண் துறவியிடம் அவர் தியானம் பயின்றுவந்தார்.

ஒரு காலையில் சீருடைச் சட்டையை மடித்துக் கையில் எடுத்துக்கொண்டு மடத்துக்கு வந்தார். தெய்ஷின் தோட்டத்தில் முள்ளங்கி பிடுங்கிக்கொண்டிருந்தார்.

"வேலையை விடப்போகிறேன், அம்மா."

"ஏன்?"

"வங்கிக் காவலாளியைச் சுட்டுக் கொன்றவன் யாரென்று தெரிந்துவிட்டது. இவாவோ. சின்ன வயதிலிருந்தே என் சிநேகிதன். உப்புக் கிடங்கில் ஒளிந்திருக்கிறான். அவனைப் பிடிக்க என்னால் ஆகாது."

"நீ போகாவிட்டால்?"

"மற்றவர்கள் போவார்கள். துப்பாக்கியோடு."

"அவர்களிடம் சரணடைவானா?"

செகாவா யோசித்தார். "மாட்டான். சுடுவான். அவர்களும் சுடுவார்கள்."

தெய்ஷின் கையிலிருந்த மண்ணைத் துடைத்துக்கொண்டார். சட்டையை வாங்கி ஒருமுறை உதறினார். செகாவா போட்டுக்கொள்ளத் தோதாக விரித்துப் பிடித்தபடி நின்றார்.

செகாவா ஒரு கையை நுழைத்தார்.

நேராகக் காவல் நிலையத்துக்குப் போய்த் தனக்குத் தெரிந்ததை மேலதிகாரியிடம் சொன்னார். "முதலில் நான் மட்டும் உள்ளே போகிறேன்" என்று கேட்டுக்கொண்டார். போலீஸார் கிடங்கைச் சூழ்ந்து நின்றார்கள். செகாவா துப்பாக்கியை அவர்களிடம் கொடுத்துவிட்டு உள்ளே போனார்.

"கிட்டே வராதே" என்றான் இவாவோ, உப்பு மூட்டைகளுக்குப் பின்னாலிருந்து.

செகாவா நடந்தார். ஒரு குண்டு அவர் தோளை ஒட்டிப் போய்ச் சுவரில் பாய்ந்தது. அவர் நிற்கவில்லை.

"சிநேகிதனாக வந்தாயா, போலீஸாக வந்தாயா?"

"உன்னைக் கூட்டிப்போக வந்தேன்."

"தூக்கில் போடுவார்கள்."

"போடலாம். கோர்ட்டில் கேட்டால் உள்ளதைச் சொல்வேன், உனக்காக எதையும் மறைக்க மாட்டேன். ஆனால் சிறைக்கு உன்னைப் பார்க்க வருவேன். கடைசி நாள்வரை வருவேன்."

இவாவோ அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு துப்பாக்கியைக் கீழே வைத்துவிட்டு அவரோடு வெளியே வந்து, போலீஸார் முன்னிலையில் கைகளை நீட்டினான். செகாவா கயிற்றை எடுத்தார்.

மறுநாள் மடத்துக்கு வந்தவர் தலைகுனிந்தே உட்கார்ந்திருந்தார்.

"என்ன?" என்றார் தெய்ஷின்.

"அவன் கையைக் கட்டும்போது என் கை நடுங்கிவிட்டது, அம்மா. எல்லோரும் பார்த்தார்கள். போலீஸ்காரனுக்கு அது அழகா?"

"முடிச்சு இறுகியதா?"

"இறுகியது."

"அப்படியானால் நடுங்கட்டும்."