"கேட்டோம்" என்ற ஓணான்

இருட்டுக்கே வழி தப்பிப்போகும் அளவுக்கு அடர்ந்த ஒரு காட்டில், வளைதோறும் விளக்கு எரிய வேண்டும் என்று மின்மினி வாரியம் ஒன்றை அமைத்திருந்தார்கள். அதன் தலைவர் ஓணானார். யார் எதைச் சொன்னாலும் தலையை ஆட்டுவார். அந்தத் தகுதியைக் கண்டே அவருக்குப் பதவி கொடுத்திருந்தார்கள்.

அக்காட்டில் அச்சமே உருவான தாய் முயல் ஒன்று குட்டிகளோடு வாழ்ந்தது. வளையில் விளக்கு எரிந்தால் பாம்பு அணுகாது, அணைந்தால் நுழைந்துவிடும். ஆகவே மாலைதோறும் ஒரு கிழங்கைக் கட்டணமாகச் செலுத்தி மின்மினிகளை வரவழைத்தது.

ஒருநாள் காலையில் கட்டணம் மூன்று கிழங்காயிற்று.

"விளக்குக்கு ஒன்று. மின்மினிகள் பகலில் உறங்குவதற்கு ஒன்று. அவற்றை எழுப்புவதற்கு ஒன்று. மாலைக்குள் செலுத்தாவிட்டால் விளக்கு இல்லை" என்று வாரியம் அறிவித்தது.

மூன்று கிழங்குக்கு முயல் எங்கே போகும்? நேரே நீதிமன்றத்துக்கு ஓடியது.

நீதிபதி எருமையார் அவசரம் அறியாதவர். வழக்கையும் புல்லையும் சேர்த்து நெடுநேரம் அசைபோட்டார்.

"அம்மா, எத்தனை கிழங்கு என்று முடிவு செய்வது வாரியத்தின் வேலை. அதைச் சட்டப்படி செய்தார்களா என்று பார்ப்பது மட்டுமே என் வேலை. 'காட்டு மக்களைக் கேட்ட பிறகே கட்டணத்தை உயர்த்த வேண்டும்' என்பது சட்டம். ஓணானாரே, கேட்டீரா?"

"கேட்டோம், ஐயா!" தலை வேகமாக ஆடியது. "ஆலமரத்து உச்சியில் ஏறி நின்று, 'கட்டணத்தை உயர்த்தலாமா?' என்று தொண்டை கிழியக் கேட்டேன்."

"கேட்டிருக்கிறாரே, அம்மா! பிறகென்ன வழக்கு?" என்று எருமையார் தீர்ப்பு சொல்ல வாயெடுத்தார்.

வெளியே பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. முயலுக்குப் பாதி உயிர் போயிற்று. மீதி உயிரைத் திரட்டிக்கொண்டு பேசியது.

"ஐயா, நானும் ஒன்று கேட்கலாமா?"

"கேளம்மா."

"ஓணானாரே, நீங்கள் கேட்டதற்கு நாங்கள் என்ன சொன்னோம்?"

பிறந்தது முதல் ஆடிக்கொண்டிருந்த தலை சட்டென்று நின்றது.

"அது எனக்கெப்படித் தெரியும்? கேட்டவுடன் இறங்கி வந்துவிட்டேன். கேட்க வேண்டும் என்றுதானே சட்டம்? பதிலையும் கேட்க வேண்டும் என்று யார் சொன்னார்கள்?"

எருமையார் வாழ்நாளில் முதல்முறையாக மெல்லுவதை நிறுத்தினார்.

"இப்போது நீரே சொன்னீரே, ஐயா! சட்டம் சொல்லும் 'கேட்ட' என்பதில் பதிலைக் கேட்பதும் அடக்கம். இந்தக் கட்டண உயர்வு செல்லாது. வீடு வீடாகப் போய், ஒவ்வொருவர் சொல்வதையும் முழுவதும் கேட்டு வாரும். அதுவரை பழைய கட்டணமே."

முயல் வளைக்குப் பறந்தது. மின்மினிகள் வந்து ஒளிர, வாசல்வரை வந்த பாம்பு முகத்தைச் சுளித்துக்கொண்டு திரும்பிப்போயிற்று.

மறுநாள் ஓணானார் காது கொடுத்துக் கேட்கப் புறப்பட்டார். முதல் வீடு நத்தையுடையது. நத்தை மெல்லத் தலையை நீட்டி, "வ..." என்றது. "ணக்கம்" இன்னும் வந்து சேரவில்லை. ஓணானார் அங்கேயே உட்கார்ந்திருக்கிறார்.

நீதி: பதிலுக்குக் காது கொடாதவர், ஒருவரையும் கேட்டவர் ஆகார்.